மூன்று பேர் கண்ணால் பார்த்த கொலை, மேல்முறையீட்டில் மூன்று பேர் விடுதலை: எப்படி?

வாய்க்கால்மேடு:

சட்டம் தெரிந்தவர்கள் கொஞ்சம் விளக்குங்கள். எங்கள் ஊரில் சில வருடங்களுக்கு முன்னால் ஒரு கொலை நடந்தது, இறந்தவர் எனக்குச் சித்தப்பா முறை. வாய்க்கால் தகராறில் தொடங்கிய பகை. ஒரு ராத்திரி எட்டரை மணி வாக்கில் டீக்கடையை ஒட்டிய சந்தில் வைத்து வெட்டிவிட்டார்கள். சித்தி, சித்தப்பாவின் அண்ணன் மகன், டீ குடிக்க வந்த வெளியூர்க்காரர் ஒருவர், இந்த மூன்று பேரும் நேரில் பார்த்த சாட்சிகள். செஷன்ஸ் கோர்ட்டில் ஐந்து எதிரிகளுக்கும் (குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கும்) ஆயுள் விழுந்தது. இப்போது ஐகோர்ட்டில் முதல் இரண்டு பேருக்கு மட்டும் தண்டனையை உறுதி செய்து, மற்ற மூன்று பேரையும் விட்டுவிட்டார்கள்.

எனக்குப் புரியாதது இதுதான். சாட்சி சொன்னது ஒரே வாய். அந்த வாய் இரண்டு பேர் விஷயத்தில் உண்மை, மூன்று பேர் விஷயத்தில் பொய் என்று எப்படிச் சொல்ல முடியும்? ஒன்று முழுக்க நம்ப வேண்டும், இல்லை முழுக்கத் தள்ள வேண்டும். அதுவும் ஐகோர்ட் நீதிபதிகள் சித்தியைப் பார்த்ததே இல்லை. கூண்டில் நின்று அவர் சொன்னதை நேரில் கேட்ட ஜட்ஜ் நம்பினார், காகிதத்தில் படித்தவர்கள் நம்பவில்லை. சொந்தக்காரர் சாட்சி என்றாலே மதிப்பு குறைவு என்று எதிர்த்தரப்பு வக்கீல் வாதிட்டாராம். அப்படி ஏதாவது சட்டம் இருக்கிறதா? இதற்கு மேல் நாங்கள் ஏதாவது செய்ய முடியுமா?

கறுப்புக் கோட்டு:

முதலில் உங்கள் கடைசிச் சந்தேகம். சொந்தக்காரர் சாட்சிக்கு மதிப்பு குறைவு என்று எந்தச் சட்டமும் இல்லை, இதைக் கீழ்க்கோர்ட்டில் தினமும் யாராவது ஒருவர் வாதிடுவார், தினமும் யாராவது ஒரு ஜட்ஜ் தள்ளுவார். 1953-லேயே தலீப் சிங் வழக்கில் (பஞ்சாப்) நீதிபதி விவியன் போஸ் தெளிவாக எழுதிவிட்டார்: நெருங்கிய உறவினர் உண்மையான கொலைகாரனைத் தப்பவிட்டுச் சம்பந்தமில்லாதவனை மாட்டிவிடுவது பொதுவாக நடக்காத காரியம். ஆனால் அதே இடத்தில், பழைய பகை இருந்தால் குற்றவாளியோடு சேர்த்து வேண்டாதவனையும் இழுத்துவிடும் போக்கு உண்டு என்றும் சொல்லியிருக்கிறார். உங்கள் வழக்கின் விடை பாதி அந்த இரண்டாவது வரியில்தான் இருக்கும் என்று நினைக்கிறேன்.

எத்தனை சாட்சி வேண்டும் என்பதற்கும் கணக்கு கிடையாது. பழைய சாட்சியச் சட்டம் 134-ஆவது பிரிவு, புதுச் சட்டத்தில் 139. இதற்கு நாடு முழுக்க எடுத்துக்காட்டும் தீர்ப்பு நம் ஊர்ப் பக்கத்து வழக்குதான்: வடிவேலு தேவர் எதிர் சென்னை மாநிலம், 1957. முத்துப்பேட்டையில் டீக்கடை வைத்திருந்தவர் கொலை, வழக்கு நின்றது அவர் மனைவியின் சாட்சியத்தை மட்டும் நம்பி. அந்த ஒரு சாட்சியை வைத்தே தூக்குத் தண்டனையைச் சுப்ரீம் கோர்ட் உறுதி செய்தது. ஒரே சாட்சி என்பதால் தண்டனையையாவது குறையுங்கள் என்று கேட்டதையும் ஏற்கவில்லை. சாட்சிகளை மூன்று வகையாகப் பிரித்ததும் அந்தத் தீர்ப்புதான். முழுக்க நம்பலாம் என்கிற ரகம், முழுக்கத் தள்ள வேண்டிய ரகம், இரண்டும் இல்லாத நடுரகம். முதல் இரண்டில் கோர்ட்டுக்குத் தலைவலி இல்லை. மூன்றாவதில் வேறு ஏதாவது ஆதாரம் கைகொடுக்கிறதா என்று பார்த்துத்தான் தண்டிக்க வேண்டும். நடைமுறையில் பெரும்பாலான சாட்சிகள் மூன்றாவது ரகம்.

அப்புறம் அந்த "ஒரே வாய்" கேள்வி. ஒன்றில் பொய் என்றால் எல்லாவற்றிலும் பொய் என்ற விதி சில வெளிநாட்டுக் கோர்ட்டுகளில் ஒரு காலத்தில் செல்வாக்காக இருந்திருக்கலாம், இங்கே அது சட்டம் இல்லை. உகர் அகிர் வழக்கில் (பீகார், 1965) இதைச் சொல்லி, நெல்லையும் பதரையும் பிரிப்பது கோர்ட்டின் வேலை என்றார்கள். பிரிக்கவே முடியாத அளவுக்குக் கலந்து போயிருந்தால்தான் மொத்தமாகத் தள்ளலாம். அதனால் ஐந்து பேரில் இரண்டு பேருக்கு உறுதி, மூன்று பேருக்கு விடுதலை என்பது ஐகோர்ட்டில் சாதாரணமாக வரும் தீர்ப்பு. மூன்று பேர் விடுதலை ஆனதால் சித்தி பொய்யர் என்று ஐகோர்ட் சொன்னதாக எடுத்துக்கொள்ள வேண்டியதில்லை.

எந்த இடத்தில் பிரித்தார்கள் என்பதைத் தீர்ப்பைப் பார்த்தால்தான் சொல்ல முடியும். நான்கு விஷயம் எடுத்துப் போடுங்கள்: புகாரில் எத்தனை பேர் பெயர் இருந்தது, எஃப்ஐஆர் மாஜிஸ்திரேட் கைக்குப் போன நேரம், போஸ்ட்மார்ட்டத்தில் எத்தனை காயம், அந்த டீக்கடை சாட்சியைப் போலீஸ் எப்போது விசாரித்தது.

பழைய ரைட்டர்:

வக்கீல் சார் கேட்டது சரியான நான்கு கேள்வி. நான் ஸ்டேஷன் ரைட்டராக இருந்து ஓய்வு பெற்றவன், எழுதிய எஃப்ஐஆருக்குக் கணக்கில்லை, அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

கொலை வழக்கில் எஃப்ஐஆர் போட்டவுடன் ஒரு பிரதியைக் கான்ஸ்டபிள் கையில் கொடுத்து மாஜிஸ்திரேட் வீட்டுக்கே அனுப்புவோம். எக்ஸ்பிரஸ் எஃப்ஐஆர் என்போம். ராத்திரி ஒரு மணி என்றாலும் மாஜிஸ்திரேட் எழுந்து வந்து அதில் சுருக்கொப்பம் போட்டு, தேதி, மணி எழுதிக் கொடுப்பார். பத்து வருடம் கழித்து அப்பீலில் எல்லோரும் தேடிப் பிடித்துப் பார்ப்பது அந்த மூலையில் இருக்கும் சின்ன எழுத்தைத்தான். ஸ்டேஷனில் நாங்கள் எழுதும் நேரத்தை எவனும் நம்பமாட்டான் (அதற்குக் காரணமும் இருக்கிறது, இங்கே வேண்டாம்). மாஜிஸ்திரேட் எழுதிய நேரத்தை மாற்ற யாராலும் முடியாது. அந்த நேரத்தில் அந்தக் காகிதத்தில் எந்தப் பெயர் இருந்ததோ அது கல்வெட்டு.

தாமதம் ஆனால் என்ன ஆகும் என்பதற்கு எங்கள் டிரெய்னிங்கிலேயே துலியா காளி வழக்கைச் சொல்வார்கள். சேலம் செஷன்ஸ் கோர்ட்டில் தூக்கு, சென்னை ஐகோர்ட் உறுதி செய்தது, 1972-ல் சுப்ரீம் கோர்ட் விடுதலை செய்துவிட்டது. நேரில் பார்த்ததாகச் சாட்சி இருந்தது. ஆனால் ஸ்டேஷன் இரண்டு மைல் தூரம்தான், புகார் வந்தது 20 மணி நேரத்துக்கு மேல் கழித்து. இடையில் என்ன பேசி முடிவு செய்தார்கள் என்ற சந்தேகம் வந்தால் அதற்கு அப்புறம் சாட்சி எவ்வளவு உறுதியாகச் சொன்னாலும் எடுபடாது.

இன்னொன்று, தம்பி, கோபித்துக்கொள்ளாதீர்கள். ஊர்ப்பகை வழக்கில் ஐந்து என்ற எண்ணுக்கு ஒரு ராசி உண்டு. ஐந்து பேர் சேர்ந்தால்தான் சட்டவிரோதக் கூட்டம், பழைய தண்டனைச் சட்டத்தின் 149-ஆவது பிரிவு போடலாம், யார் எங்கே வெட்டினார்கள் என்று தனித்தனியாக நிரூபிக்க வேண்டியதில்லை. நான்கு பேர் பெயரோடு வரும் புகார் பொழுது விடிவதற்குள் ஐந்தாவது பெயரைக் கண்டுபிடித்துவிடும். நான் பார்த்திருக்கிறேன்.

வாய்க்கால்மேடு:

ரைட்டர் ஐயா, கோபம் இல்லை. தீர்ப்பை இன்று உட்கார்ந்து படித்தேன். கேட்ட விவரம் இதோ.

புகார் சித்தி கொடுத்தது, ராத்திரி பத்து மணிக்கு. மாஜிஸ்திரேட்டுக்குப் போனது 12.40. அதில் முதல் இரண்டு எதிரிகள் பெயரும், "அவர்களோடு வந்த சிலர்" என்றும் இருக்கிறது. மற்ற மூன்று பேர் பெயர் சித்தியின் 161 வாக்குமூலத்தில் (விசாரணையில் போலீஸ் எழுதிக்கொள்வது) வருகிறது. அது அதே தேதி போட்டிருக்கிறது, ஆனால் கோர்ட்டுக்கு வந்தது பல மாதம் கழித்துச் சார்ஜ் ஷீட்டோடு. போஸ்ட்மார்ட்டத்தில் இரண்டு வெட்டு, கழுத்தில் ஒன்று வலது முன்கையில் ஒன்று, முழங்காலில் ஒரு சிராய்ப்பு. கோர்ட்டில் சித்தியும் அண்ணன் மகனும் ஐந்து பேரும் ஆளுக்கு ஒரு வெட்டு வெட்டினார்கள் என்று சொல்லியிருக்கிறார்கள். டீக்கடை சாட்சியைப் போலீஸ் விசாரித்தது பன்னிரண்டாவது நாள். அவரை ஐகோர்ட் முழுக்கத் தள்ளிவிட்டது.

சித்தியிடம் கேட்டேன். இருட்டில் ஐந்து பேர் நின்றது நிச்சயம், அவர்களைத் தவிர வேறு யார் வருவார்கள் என்றார். அதற்கு மேல் நான் கேட்கவில்லை.

கறுப்புக் கோட்டு:

இதைப் படித்ததும் எனக்கு ஐகோர்ட் தீர்ப்பில் ஆச்சரியம் போய்விட்டது.

நீதிபதிகள் எதைப் பிடித்துக்கொண்டார்கள் என்று பாருங்கள். சம்பவம் எட்டரை, புகார் பத்து, மாஜிஸ்திரேட் கையெழுத்து 12.40. யாரும் உட்கார்ந்து யோசித்துக் கதை கட்ட நேரம் இல்லாத அந்த நான்கு மணி நேரத்தில் காகிதத்தில் ஏறியது இரண்டு பெயர். உடம்பில் இரண்டு வெட்டு. இவை ஒன்றோடு ஒன்று பொருந்துகின்றன, சித்தியின் சாட்சியத்தின் அந்தப் பகுதி அப்படியே நிற்கிறது. மற்ற மூன்று பெயரும் தேதியைத் தவிர வேறு காவல் இல்லாத ஒரு காகிதத்தில் இருந்து வருகின்றன. அதே ஊர்க்காரர்கள், முகம் தெரிந்தவர்கள், அப்படியிருந்தும் பத்து மணிக்குப் பெயர் வரவில்லை, "சிலர்" என்றுதான் வந்தது. குறுக்கு விசாரணையில் இதை வைத்துத்தான் கேட்டிருப்பார்கள்: முதலில் போலீஸிடம் சொல்லாததை இப்போது சொல்கிறீர்கள். சொல்லாமல் விட்டது முக்கியமான விஷயமாக இருந்தால் அதுவே முரண்பாடாகலாம் என்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 162-ஆவது பிரிவின் விளக்கத்திலேயே இருக்கிறது.

டாக்டர் அறிக்கையும் நேரில் பார்த்த சாட்சியும் மோதினால் சாட்சிக்குத்தான் முன்னுரிமை, டாக்டர் சொல்வது வெறும் அபிப்பிராயம் என்பது பொது விதி. ஆனால் சாட்சி சொன்னபடி நடந்திருக்கவே முடியாது என்று மருத்துவ ஆதாரம் அடித்துச் சொன்னால் கதை வேறு (சோலங்கி சிமன்பாய் வழக்கு, 1983). ஐந்து பேர் ஆளுக்கு ஒரு வெட்டு, உடம்பில் இரண்டே வெட்டு, அப்படியென்றால் மூன்று வெட்டு எங்கே போயிற்று? இந்தக் கேள்விக்கு அரசு வக்கீலால் என்ன பதில் சொல்ல முடியும் என்று எனக்குத் தெரியவில்லை. வெட்டினார்கள் என்று சொல்லாமல் கூட நின்றார்கள் என்று மட்டும் சாட்சி சொல்லியிருந்தால் ஒருவேளை 149 காப்பாற்றியிருக்கும்.

டீக்கடை சாட்சியைத் தள்ளியது வெளியூர்க்காரர் என்பதால் இருக்காது. தெருவில் கொலை நடந்தால் வழிப்போக்கன்தான் சாட்சி, தற்செயலாக வந்தவன் என்று அவனைத் தள்ளக்கூடாது என்று ராணா பிரதாப் வழக்கில் (ஹரியானா, 1983) சின்னப்ப ரெட்டி எழுதியிருக்கிறார். கொலையைப் பார்த்தவன் இப்படித்தான் நடந்துகொள்வான் என்று கணக்கும் இல்லை, சிலர் ஓடுவார்கள், சிலர் அலறுவார்கள், சிலர் சிலை மாதிரி நிற்பார்கள். பன்னிரண்டு நாள் அவர் எங்கே இருந்தார், போலீஸ் எப்படிக் கண்டுபிடித்தது என்று இன்ஸ்பெக்டர் கூண்டில் சரியான காரணம் சொல்லாததுதான் அடி.

நேரில் பார்க்காத நீதிபதிகள் என்று சொன்னீர்கள், அது நியாயமான வாதம்தான், சட்டமும் அதை ஒப்புக்கொள்கிறது. 1934-ல் பிரிவி கவுன்சில் (அன்றைக்கு லண்டனில் இருந்த கடைசி மேல்முறையீட்டு மன்றம்) ஷியோ ஸ்வரூப் வழக்கில் சொன்னதிலிருந்து இன்று வரை, சாட்சியைக் கண்ணால் பார்த்த ஜட்ஜின் கருத்துக்கு மேல்கோர்ட் மதிப்புக் கொடுக்க வேண்டும் என்பது பாடம். அதில் வேடிக்கை என்னவென்றால், சாட்சி எப்படி நடந்துகொண்டார் என்று ஜட்ஜ் குறிப்பு எழுத 280-ஆவது பிரிவு (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) இடம் கொடுத்தும் எழுதுகிறவர்கள் குறைவு. இன்னும் பல வழக்கில் சாட்சியைக் கேட்ட ஜட்ஜ் மாறுதலாகிப் போயிருப்பார், தீர்ப்பு எழுதியவரும் ஐகோர்ட் மாதிரியே காகிதத்தைத்தான் படித்திருப்பார். உங்கள் வழக்கில் இருவரும் ஒருவர்தானா என்று பாருங்கள்.

மூன்றாம் வருடம்:

சட்டக் கல்லூரியில் படிக்கிறேன். ஐகோர்ட் சாட்சியைப் பார்ப்பதே இல்லை என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். அபூர்வமாகக் கூப்பிடுவார்கள். கோகுல்ராஜ் கொலை வழக்கு நினைவிருக்கும், 2015-ல் திருச்செங்கோடு அர்த்தநாரீஸ்வரர் கோயிலிலிருந்து கூட்டிப் போனார்கள், உடல் ரயில் தண்டவாளத்தில் கிடந்தது. அவரோடு கோயிலில் இருந்ததாகச் சொல்லப்பட்ட முக்கிய சாட்சி விசாரணையில் பிறழ் சாட்சி ஆகிவிட்டார். மேல்முறையீட்டில் 2022 நவம்பரில் ஐகோர்ட் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 391-ஆவது பிரிவை (மேல்முறையீட்டிலும் சாட்சியம் எடுக்கும் அதிகாரம்) பயன்படுத்தி அவரைத் தானாகவே வரவழைத்து, கோயில் கேமரா காட்சியைப் போட்டுக்காட்டி, இது நீங்கள்தானா என்று கேட்டது. தான் இல்லை என்றார். கோர்ட் அவமதிப்பு நடவடிக்கை வரை போனது. அப்புறம் நீதிபதிகள் கோயிலுக்கே போய் எந்தக் கேமரா எங்கே இருந்தது, எந்த வாசல் என்று பார்த்துவிட்டு வந்தார்கள். 2023 ஜூனில் முதல் எதிரியின் ஆயுள் தண்டனை உறுதியானது. அங்கே கொலையைக் கண்ணால் பார்த்த சாட்சி இல்லை, கடைசியாக யாரோடு உயிரோடு இருந்தார் என்பதுதான் விஷயம், இருந்தாலும் சாட்சி வாய் மாறினால் மேல்கோர்ட் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

ஒரு சந்தேகம், இருட்டு என்று சொன்னீர்களே, வெளிச்சம் பற்றி ஐகோர்ட் ஒன்றும் கேட்கவில்லையா?

வாய்க்கால்மேடு:

கேட்டிருக்கிறார்கள். போலீஸ் போட்ட சம்பவ இட மாதிரி வரைபடத்தில் டீக்கடை முன்னால் தெருவிளக்குக் கம்பம் இருக்கிறது, ஆனால் விளக்கு எரிந்தது என்று மின்வாரியத்திலிருந்து யாரையும் விசாரிக்கவில்லை. அப்படியிருந்தும் இரண்டு பேர் விஷயத்தில் அதைப் பெரிதுபடுத்தவில்லை.

கறுப்புக் கோட்டு:

தெரிந்த ஆள், கிட்டத்தில் நின்றால், வெளிச்சம் குறைவு என்பது பெரிய குறையில்லை. நதுனி யாதவ் வழக்கில் (பீகார், 1997) நிலா இல்லை என்றே வைத்துக்கொண்டாலும் நட்சத்திர வெளிச்சம் கொஞ்சம் இருக்கும், பழகிய ஆளை அடையாளம் தெரியும் என்ற அளவுக்குப் போனார்கள். முன்பின் தெரியாத ஆள் என்றால்தான் அடையாள அணிவகுப்பு, அதற்கு முன் பேப்பரில் போட்டோ வந்ததா என்ற சண்டையெல்லாம். உங்கள் ஊர் வழக்கில் யார் என்று தெரியாத பிரச்சினை இல்லை. தெரிந்தவர்களில் எத்தனை பேர் என்பதுதான் பிரச்சினை.

மலர்விழி:

எல்லோரும் அழகாக விளக்குகிறீர்கள், எனக்கு இதில் நம்பிக்கை இல்லை. என் குடும்பத்திலும் ஒரு வழக்கு நடந்தது, ஊர் பெயர் வேண்டாம். எங்கள் சாட்சி "இடது கை" என்றதை டாக்டர் "வலது கை" என்று எழுதியிருந்தார், அதற்கே எதிரி வெளியே வந்துவிட்டார். இன்னொரு தீர்ப்பில் அதே மாதிரி முரணை "மனித நினைவு வீடியோ டேப் இல்லை" என்று தள்ளியிருக்கிறார்கள். சின்ன முரண் எது, பெரிய முரண் எது என்பதை யார் தீர்மானிக்கிறார்கள்? ஜட்ஜுக்கு முதலிலேயே ஒரு முடிவு இருக்கிறது, அதற்குத் தகுந்த மாதிரி தீர்ப்பு வாசகத்தைத் தேடி எடுக்கிறார்கள் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

கறுப்புக் கோட்டு:

அம்மா, நீங்கள் சொல்வதை மறுக்க மாட்டேன். அந்த வீடியோ டேப் வரி பரவாடா போகின்பாய் வழக்கில் (குஜராத், 1983) வந்தது, அதை எல்லாப் பக்கமும் எல்லோரும் காட்டுகிறோம். கோர்ட் சொல்லும் அளவுகோல் ஒன்றுதான், எம்.கே. அந்தோணி வழக்கு, 1985: சாட்சியத்தை மொத்தமாகப் படித்துப் பார், உண்மையின் தொனி கேட்கிறதா என்று பார், கேட்டால் அப்புறம் குறைகளை எடைபோடு. முரண் வழக்கின் வேர் வரை போகிறதா, இல்லை இலையில் நிற்கிறதா என்பது கேள்வி. அது அளவுகோல்தான், தராசு இல்லை. ஒரே பைலை இரண்டு பெஞ்ச் முன்னால் வைத்தால் இரண்டு தீர்ப்பு வரலாம் என்பது இந்தத் தொழிலில் இருக்கிற எவருக்கும் தெரியும். இடது வலது மட்டும்தான் காரணம் என்றால் அந்தத் தீர்ப்பு எனக்கும் ஒப்பவில்லை.

பழைய ரைட்டர்:

மலர்விழி அம்மா, டாக்டர் எழுதும்போது பிணத்தின் கை எந்தப் பக்கம் என்று பிசகுவதை நான் மார்ச்சுவரி வாசலில் நின்று பார்த்திருக்கிறேன். நல்ல அரசு வக்கீலாக இருந்தால் டாக்டர் கூண்டில் ஏறும்போதே கேட்டுத் திருத்தியிருப்பார். கீழே கேட்காமல் விட்டதை மேலே கேட்பது அபூர்வம்.

வாய்க்கால்மேடு:

எல்லோருக்கும் நன்றி. கடைசியாக ஒன்று: அந்த மூன்று பேர் விஷயத்தில் சுப்ரீம் கோர்ட் போகலாமா? அரசாங்கம் போகவில்லை என்றால் சித்தி போகலாமா?

கறுப்புக் கோட்டு:

போகலாம். அரசியல் சட்டம் 136-ஆவது பிரிவில் சிறப்பு அனுமதி மனு, பாதிக்கப்பட்டவர் குடும்பமும் கோர்ட் அனுமதி கேட்டுப் போடலாம். தீர்ப்புத் தேதியிலிருந்து 90 நாள், நகலுக்குப் போட்ட நாள்கள் கழியும். ஆனால் விடுதலைக்கு எதிரான வழக்கு என்பதை மறக்க வேண்டாம். குற்றமற்றவர் என்ற அனுமானம் விடுதலைக்குப் பிறகு இரட்டிப்பாகிவிடுகிறது (சந்திரப்பா வழக்கு, கர்நாடகா, 2007). இரண்டு விதமாகப் பார்க்க இடம் இருந்தால், விடுதலை பக்கம் இருக்கும் பார்வையைத் தொட மாட்டார்கள். அந்த இரண்டு வெட்டுக் கணக்கை வைத்துக்கொண்டு போனால் முதல் நாளே தள்ளுபடி ஆக வாய்ப்பு அதிகம், செலவு வேறு. இதற்கிடையில் தண்டனை உறுதியான இரண்டு பேரும் கட்டாயம் டெல்லி போவார்கள், ஜாமீனும் கேட்பார்கள். சித்தி அதில் தன் தரப்பையும் கேட்க வேண்டும் என்று முன்கூட்டியே கேவியட் போட்டு வைப்பதுதான் நான் சொல்லும் யோசனை. டெல்லியில் தெரிந்த அட்வகேட்-ஆன்-ரெக்கார்டு (சுப்ரீம் கோர்ட்டில் மனு போட உரிமை உள்ள வக்கீல்) வேண்டுமென்றால் தனிச்செய்தி அனுப்புங்கள், தீர்ப்பு நகலின் முதல் பக்கத்தில் நகல் விண்ணப்பத் தேதி இருக்கும், அதையும் போட்டோ எடுத்து அனுப்புங்கள்.